சிறந்த இசைக்கான விருது

"ஏண்டி பெரில், உன் பாட்டு எப்பதான் வரும்?" என்று கேட்டாள் அம்மா.

பெரில் மால்ட்பியின் பெயர் முதல் தடவையாகத் தொலைக்காட்சியில் வந்த ஞாயிற்றுக்கிழமை அது. பெரில் லண்டனில் இருந்தாள். அம்மா நெல்லி, இங்கிலாந்தின் வடக்கே கிரிம்ஸ்பி துறைமுகத்தை ஒட்டிய தெருவில், பக்கத்து வீட்டுக்காரிகளைக் கூட்டி வைத்து, தேநீரும் பிஸ்கட்டும் கொடுத்து, நாடகத்தைப் பார்த்து முடித்த கையோடு தொலைபேசியை எடுத்திருந்தாள்.

"வந்துச்சேம்மா. கடைசியில, பேரெல்லாம் ஓடும்போது."

"அப்பவா? அப்ப எவனோ ஒருத்தன், நாளைக்கு உருளைக்கிழங்கு எப்படி நடறதுன்னு காட்டப் போறோம்னு பேசிக்கிட்டு இருந்தானே."

"அவனுக்குப் பின்னால வந்துச்சும்மா."

"பின்னால என்னத்த வந்துச்சு? உன் பேருகூட ஈ பறந்த மாதிரி போயிருச்சு. மேவிஸ் பிஸ்கட் எடுக்கக் குனிஞ்சா, நிமிர்றதுக்குள்ள நீ இல்ல."

அந்த நாட்டின் வழக்கம் அப்படி. நாடகம் முடிந்து இசை தொடங்கியதும் அறிவிப்பாளர் வாயைத் திறப்பார். இசை எழுதியவர் அதற்காகக் கோபித்துக்கொள்வது பண்பாடு ஆகாது. அறிவிப்பாளரின் குரலை நாடே விரும்புகிறது. இசை எழுதியவரை விரும்புவது அவருடைய அம்மா மட்டும்தான்.

பெரில் கோபித்துக்கொள்ளவில்லை. கோபித்துக்கொள்ளாத குணத்தாலேயே அவளுக்குத் தொடர்ந்து வேலை கிடைத்தது. பூனைத் தீனி விளம்பரம், ஆஸ்பத்திரித் தொடர், கொலைகாரர்களைக் கண்டுபிடிக்கும் பாதிரியார் தொடர் என்று அவள் தொழில் வளர்ந்தது. "மால்ட்பியா? தொந்தரவு கிடையாது" என்று தயாரிப்பாளர்கள் ஒருவருக்கொருவர் சொல்லிக்கொண்டார்கள். லண்டனில் ஒரு கலைஞருக்கு இதைவிடப் பெரிய பாராட்டு இல்லை.

அவளுடைய திறமை வேறு ஒன்றிலும் இருந்தது. படத்தை வெட்டி ஒட்டும் நாட்களில் அதற்கான இசை இன்னும் பிறந்திருக்காது. இசையில்லாத படத்தோடு தனியாக இருக்க இயக்குநர்களுக்குப் பயம். அதனால் பழைய இசைத்தட்டு எதையாவது எடுத்துத் தற்காலிகமாகப் போட்டுக்கொள்வார்கள். மாதக்கணக்கில் அதையே கேட்டுக் கேட்டு அதன்மேல் காதல் வந்துவிடும். அதற்கப்புறம்தான் இசையமைப்பாளரைக் கூப்பிட்டு, "இதே மாதிரி வேணும். ஆனா இதா இருக்கக் கூடாது" என்பார்கள். எழுதி முடித்ததும், திருட்டு வழக்கு வருமா என்று பார்க்க ஒரு வக்கீல் வந்து கேட்பார். இரண்டுக்கும் ஒட்டும் இல்லை உறவும் இல்லை என்று வக்கீல் சொல்ல வேண்டும். இரண்டும் ஒன்றேதான் என்று இயக்குநர் சொல்ல வேண்டும். இருவரையும் ஒரே மெட்டில் திருப்திப்படுத்துகிறவருக்குத்தான் அந்தத் தொழிலில் இசையமைப்பாளர் என்று பெயர். பெரில் திருப்திப்படுத்தினாள். அடுத்தவர் வீட்டு வேலியை உரசாமல் அதன் ஓரமாகவே நடந்து நடந்து, தலையும் நரைக்க ஆரம்பித்துவிட்டது. சொந்தமாக ஒரு மெட்டு மட்டும் அவள் எழுதியிருக்கவில்லை.

அப்போதுதான் பெல்கிரோவ் தொலைக்காட்சி, துக்கம் என்ற ஒன்று நாட்டில் இருப்பதைக் கண்டுபிடித்தது.

கிரிம்ஸ்பியிலிருந்து ஐஸ்லாந்துக் கடலுக்குப் போய்த் திரும்பாத ஒரு மீன்பிடிக் கப்பலைப் பற்றி மூன்று பாகத் தொடர் எடுப்பதாக முடிவானது. நாடகப் பிரிவின் தலைவி க்ரெசிடா பூத்ராய்ட் பெரிலைக் கூப்பிட்டனுப்பினாள். பெரில் ஒரு வார்த்தை வாய்தவறிச் சொல்லிவிட்டாள்.

"எங்கப்பாவும் அப்படித்தான் போனார். எனக்கு எட்டு வயசிருக்கும்."

க்ரெசிடா பேனாவைக் கீழே வைத்தாள். அவள் முகம் மலர்ந்தது.

"முழுகிட்டாரா?"

"ஆமா."

"அற்புதம்! மன்னிச்சுக்கங்க, பயங்கரம்னு சொல்ல வந்தேன். உடம்பு கிடைச்சுதா?"

"இல்ல."

"கிடைக்கவே இல்லையா?" க்ரெசிடா பக்கத்தில் இருந்த இயக்குநர் பியர்ஸ் லான்ஸ்டேலைத் திரும்பிப் பார்த்தாள். "பியர்ஸ், கிடைக்கவே இல்லையாம். இதை விளம்பரத்துலயே போடலாம். பாருங்க பெரில், இந்த நிறுவனத்துல எங்களுக்கு நேர்மைதான் முக்கியம். துக்கத்தைப் பத்தி எடுக்கும்போது, துக்கப்பட்ட ஒரு ஆளாவது சம்பளப் பட்டியல்ல இருக்கணும். கதை எழுதினவருக்கு அப்பா அம்மா ரெண்டு பேரும் நல்லா இருக்காங்க. ரொம்பச் சங்கடமா இருந்தது. நீங்க வந்தீங்க, எங்க குறை தீர்ந்தது."

பெரிலுக்கு ஒன்றும் புரியவில்லை. ஆனால் ஒன்று மட்டும் தோன்றியது. இந்தத் தடவை அடுத்தவர் மெட்டு வேண்டாம். அப்பாவிடம் ஒரு மெட்டு இருந்தது.

வால்ட்டர் மால்ட்பி கரையில் இருக்கும் சில நாட்களில், காலையில் முகம் மழிக்கும்போது அதை முனகுவார். விசிலடிக்க மாட்டார், விசிலடித்தால் காற்று வரும், கப்பல் கவிழும் என்பது கிரிம்ஸ்பியில் கைக்குழந்தைக்கும் தெரியும். சோப்பு நுரைக்குள்ளிருந்து வரும் அந்த முனகலுக்கு வார்த்தை கிடையாது. அவர் போன பிறகு அந்த வீட்டில் அதை யாரும் முனகியதில்லை.

பெரில் ரயிலேறிப் போய், சமையலறையில் மீனைக் கீறிக்கொண்டிருந்த அம்மாவிடம் அந்த மெட்டைக் கேட்டாள்.

"அது என்னுது" என்றாள் நெல்லி, தலை நிமிராமல்.

"தெரியும்மா. அதான் கேக்கறேன்."

"மேவிஸ் புருஷனுக்குக் கல்லறை இருக்கு. ஞாயித்துக்கிழமை பூ வச்சுட்டு வந்து, கால் வலிக்குதுன்னு புலம்பறா. எனக்குப் போய் நிக்க ஒரு இடம் உண்டா? அது ஒண்ணுதான் இருக்கு. அதையும் டிவில வச்சு ஊருக்கு விக்கணுமா?"

அம்மா மீனைக் கழுவினாள், கையைக் கழுவினாள், அடுப்பைத் துடைத்தாள், துடைத்த அடுப்பையே மறுபடியும் துடைத்தாள்.

"நீ எப்படி வச்சிருக்க? முனகு பாப்போம்."

பெரில் முனகினாள்.

"தப்பு. அங்க மேல போகாது. இறங்கும்." நெல்லி ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டு, தொண்டையைச் செருமி, முனகிக் காட்டினாள். நடுவில் ஓர் இடத்தில் நின்று, மூச்செடுத்து, முடித்தாள். "இப்படி. எடுத்துக்க. ஆனா அந்த உருளைக்கிழங்குக்காரன் நடுவுல வாயத் திறந்தான்னா, நான் லண்டனுக்கு வந்து அவன் நாக்கை அறுப்பேன். அது பாட்டுக்குக் கேக்கணும். ஒரு தடவையாவது, முழுசா."

"கேக்கும்மா. நான் பாத்துக்கறேன்."

லண்டனில் பியர்ஸ் வெட்டி ஒட்டிய படத்தைப் போட்டுக் காட்டினார். கப்பல் கிளம்பும் காட்சியில் மனைவி, கடற்காற்றில் படபடக்கும் வெள்ளைத் துணிகளைத் துவைத்துக் காயப்போட்டபடி கையசைத்தாள்.

"கப்பல் போற அன்னிக்கு எங்க ஊர்ல துணி துவைக்க மாட்டாங்க" என்றாள் பெரில். "துவைச்சா, புருஷனைக் கடல் அடிச்சுட்டுப் போயிடும்பாங்க. கையும் ஆட்ட மாட்டாங்க."

பியர்ஸ் தன் பக்கத்தில் இருந்த நம்பகத்தன்மை ஆலோசகரைப் பார்த்தார். அவர் லண்டனுக்குத் தெற்கே, வசதியானவர்கள் வாழும் சர்ரே மாவட்டத்துக்காரர். கிரிம்ஸ்பியில் ஒரு வார இறுதி முழுக்கத் தங்கி, வறுத்த மீன் தின்று, நிமோனியா வராமல் திரும்பியவர்.

"இருக்கலாம்" என்றார் ஆலோசகர். "ஆனா துணி இல்லைன்னா ஏழைங்கன்னு எப்படித் தெரியும்?"

"டார்லிங்" என்றார் பியர்ஸ் பெரிலிடம், கருணையோடு, "உண்மை வேற, உண்மைத்தன்மை வேற. நம்ம வேலை ரெண்டாவது."

கப்பல் மூழ்கும் காட்சி வந்தது. பியர்ஸ் அதில் தற்காலிகமாக ஓர் இசையைப் போட்டிருந்தார். வறட்சியில் யானைகள் செத்து விழும் ஏதோ ஒரு வனவிலங்குப் படத்தின் இசை. அது முடியும்வரை அவர் கண்ணை மூடிக்கொண்டிருந்தார்.

"இதான் வேணும். இதே ஆழம். இதை எழுதினவன் மகா மேதை. எங்கயோ அனாதையாச் செத்திருப்பான்னு நினைக்கிறேன். இந்தத் துக்கம் உயிரோட இருக்கறவனுக்கு வராது."

"அது நான் எழுதினது" என்றாள் பெரில்.

பியர்ஸ் வாய்விட்டுச் சிரித்தார். ஆலோசகரும் சிரித்தார். "இதான் பெரில்கிட்ட எனக்குப் பிடிச்சது, நகைச்சுவை உணர்ச்சி" என்று சொல்லிவிட்டு பியர்ஸ் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "அந்த ஆழம் உங்களுக்கு வராதுன்னு எனக்குத் தெரியும், டார்லிங். பக்கத்துல வந்தா போதும்."

அவள் யானைகளை எழுதவில்லை. ஆயுளில் முதல் தடவையாகச் சொன்ன பேச்சைக் கேட்காமல், அப்பாவின் மெட்டை எழுதினாள். ஒரே ஒரு செல்லோ முனகலாகத் தொடங்கும். மற்ற நரம்புக் கருவிகள் அதைத் தொந்தரவு செய்யாமல் தள்ளி நிற்கும். அம்மா மூச்செடுத்த இடத்தில் செல்லோவும் மூச்செடுத்துக்கொள்ளும். ஒலிப்பதிவு நாளில் வயோலாக்காரர் ஒருவர் மடியில் வைத்திருந்த குறுக்கெழுத்துப் புதிரை மடித்துப் பைக்குள் போட்டார். லண்டன் வாத்தியக்காரர்களிடமிருந்து இதற்கு மேல் ஒரு மரியாதையை எந்த மேதையும் பெற்றதில்லை.

அதைக் கேட்க பெல்கிரோவில் ஒரு கூட்டம் போட்டார்கள்.

"அழகா இருக்கு" என்றாள் க்ரெசிடா. அந்த நிறுவனத்தில் எதைக் கொல்வதானாலும் முதலில் அப்படித்தான் சொல்வார்கள். "ஆனா இது வடக்கத்தியா ஒலிக்கலையே?"

"வறுமை கேக்கல" என்றார் ஆலோசகர். "ஒரு மீனவன் இப்படியா முனகுவான்? இதுல ஏறக்குறைய சந்தோஷம் இருக்கு."

"எங்கப்பா இப்படித்தான் முனகினார். சந்தோஷமாத்தான் இருந்தார்."

க்ரெசிடா அவள் கையைத் தட்டிக்கொடுத்தாள். "உங்கப்பா விஷயத்துல அது சரியா இருக்கலாம் பெரில். ஆனா நாங்க நாட்டுக்கே பதில் சொல்லணும். தொழிலாளி வர்க்கத்துக்காரன் சாகறதுக்கு முன்னால சந்தோஷமா இருந்தான்னு காட்டினா, பார்க்கிறவங்களுக்கு எந்த இடத்துல பரிதாபப்படறதுன்னே தெரியாமப் போயிடும். இருந்தாலும் நாங்க கலைஞர்களை மதிக்கிறவங்க. வச்சுக்கலாம். கலவையில பாத்துக்கலாம்."

கலவை என்பது, வசனத்தையும் கடலையும் காற்றையும் இசையையும் ஒன்றுசேர்க்கும் இடம். இருட்டான அறையில் கென் என்ற பெரியவர், ஒவ்வொன்றுக்கும் ஒரு நெம்புகோல் என்று வரிசையாக வைத்துக்கொண்டு ஏற்றி இறக்குவார். பின்னால் சோபாவில் பியர்ஸும் க்ரெசிடாவும் சாண்ட்விச்சோடு உட்கார்ந்திருந்தார்கள். ஓரத்து நாற்காலியில் பெரில்.

மூழ்கும் காட்சி ஓடியது. செல்லோ முனகியது.

"இசையைக் கொஞ்சம் கீழே" என்றார் பியர்ஸ். "அலை கேக்கணும்."

கென் இறக்கினார்.

"இன்னும் கொஞ்சம். கடல் காக்கா கேக்கணும்."

"ராத்திரில காக்காவா?" என்றார் கென்.

"உண்மைத்தன்மை, கென்."

காக்காவுக்குப் பிறகு சங்கிலிச் சத்தம், பிறகு மரம் முறியும் சத்தம், பிறகு இயக்குநரின் சொந்த யோசனையாக ஒரு குழந்தை எங்கோ சிரிக்கும் சத்தம். ஒவ்வொன்றும் உள்ளே வர, செல்லோ பேருந்தில் எழுந்து இடம் கொடுக்கும் நல்ல பெண்ணைப் போல நகர்ந்து நகர்ந்து போனது. கடைசியில் அது இருக்கிறதா என்று பெரிலுக்கே தெரியவில்லை.

"எனக்கு அது இன்னும் கேக்குதே" என்றாள் க்ரெசிடா.

கென் நெம்புகோலை அடிவரை இறக்கினார்.

"இப்ப?"

"இப்ப சத்தம் ஜாஸ்தியா இருக்கு. அலையை எடுங்க. காக்காவை எடுங்க. எல்லாத்தையும் எடுங்க கென்."

கென் எடுத்தார். திரையில் மனிதர்கள் வாயைத் திறந்து திறந்து மூடினார்கள். அறையில் ஒரு சத்தமும் இல்லை. க்ரெசிடாவின் கையிலிருந்த சாண்ட்விச் பாதி வழியில் நின்றது. பியர்ஸ் அழுதுகொண்டிருந்தார்.

"இதான்" என்றார். "இதைத்தான் முதல் நாள்லேர்ந்து தேடிக்கிட்டு இருந்தேன்."

"இதுல ஒண்ணுமே இல்லையே சார்" என்றார் கென்.

"அதான்! அதேதான்!"

"அது எங்கப்பா..." என்று தொடங்கினாள் பெரில். "ஒரு தடவையாவது கேக்கும்னு எங்கம்மாகிட்ட சொல்லியிருக்கேன்."

பியர்ஸ் சோபாவிலிருந்து எழுந்து வந்து அவள் முன்னால் மண்டியிட்டு இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார். "டார்லிங், அது உள்ளேதான் இருக்கு. நீங்க அவ்வளவு நல்லா எழுதாம இருந்திருந்தா, அதை எடுத்ததும் இவ்வளவு நல்லா இருக்குமா?"

பெயர் மட்டும் பட்டியலில் இருந்தது: இசை, பெரில் மால்ட்பி.

மூழ்கும் காட்சி ஒளிபரப்பான இரவு தொலைபேசி மணி அடித்தபோது பெரில் எடுக்கவில்லை. மறுநாள் எடுத்தாள்.

"முழுகற இடத்துல எங்க டிவி செத்துப்போச்சுடி" என்றாள் நெல்லி. அவள் குரலில் அவமானம். "தெருவையே கூட்டி வச்சிருந்தேன். இப்ப வரும், இப்ப வரும்னு சொல்லிக்கிட்டே இருந்தேன். சத்தமே வரல. நான் டிவி மண்டைல நாலு போட்டேன். மேவிஸ் பையன் கொட்டற மழையில கூரைமேல ஏறி ஆன்டெனாவைத் திருப்பினான். உருளைக்கிழங்குக்காரன் வந்ததும் சத்தம் வந்துருச்சு, பாத்துக்க. சனியன் பிடிச்ச பொட்டி! உன் பாட்டு வந்துச்சுதானே?"

பெரில் தொலைபேசி வயரை விரலில் சுற்றினாள்.

"வந்துச்சும்மா. செட்டுலதான் ஏதோ கோளாறு."

"அதான் நினைச்சேன்" என்றாள் அம்மா. "நல்லா இருந்துச்சா?"

"நல்லா இருந்துச்சு."

பத்திரிகைகள் வந்தன. மூழ்கும் காட்சியின் இசை, நாட்டின் தொலைக்காட்சி வரலாற்றில் ஒரு திருப்பம் என்று ஒன்று எழுதியது. "மால்ட்பி எழுதாத ஒவ்வொரு சுரமும் நம் நெஞ்சில் இறங்குகிறது" என்றது இன்னொன்று. எழுதிய ஆயிரக்கணக்கான சுரங்களில் ஒன்றைப் பற்றியும் யாரும் இதுவரை ஒரு வரி எழுதியதில்லை. திரையிசைக் கழகத்தின் தலைவர் சர் ரோலோ ஃபேன்ஷா தானே தொலைபேசியில் பேசி, அந்த ஆண்டின் சிறந்த இசைக்கான விருது அவளுக்குத்தான் என்று ரகசியமாகச் சொன்னார். மதிய விருந்தோடு விழா. ஒரு விருந்தாளியை அழைத்து வரலாம்.

பெரில் யாரையும் அழைக்காமல்தான் இருந்தாள். ஆனால் செய்தி கிரிம்ஸ்பி நாளிதழில் வந்துவிட்டது. நெல்லி, கல்யாணத்துக்குப் போகும் கருநீலக் கோட்டைப் போட்டுக்கொண்டு வந்து இறங்கினாள்.

"அங்க பெரிய பெரிய ஸ்பீக்கர் வச்சிருப்பாங்கல்ல?" என்றாள் ரயில் நிலையத்திலேயே. "அங்க கோளாறு வராதுல்ல?"

உண்மை மகளின் வாய்வரை வந்தது. டாக்சியில் சொல்லலாம் என்று நினைத்தாள். டாக்சியில், கோட்டைக் கழற்றும்போது சொல்லலாம் என்று நினைத்தாள். பிறகு, மேடையிலேயே சொல்லிவிடுவது என்று முடிவு செய்தாள். எல்லோர் முன்னாலும்: இது என் இசை இல்லை, என் இசையை எடுத்துவிட்டார்கள், அந்த மெட்டு இதுதான். ஒலிவாங்கியில் அவளே அதை முனகிக் காட்டுவாள். அம்மா முழுசாகக் கேட்பாள். இந்த யோசனை வந்ததும் அவளுக்குப் பசி எடுத்தது.

விருந்தில் சால்மன் மீன் பரிமாறினார்கள். நெல்லி முள்கரண்டியில் ஒரு துண்டை எடுத்து வாயில் வைத்துவிட்டு, "இது செத்த தேதியை யாராவது எழுதி வச்சிருக்காங்களா?" என்று பரிமாறியவனிடம் கேட்டாள். பக்கத்தில் இருந்த க்ரெசிடா அதை ரசித்துச் சிரித்து, பெரிலின் காதருகே குனிந்தாள்.

"உங்கம்மா ஒரு பொக்கிஷம். கேளுங்க, அடுத்தது நிலக்கரிச் சுரங்கம் இடிஞ்சு விழறது. ஆறு பாகம். உங்க வீட்ல சுரங்கத்துல யாராவது செத்திருக்காங்களா? இல்லைன்னாலும் பரவாயில்ல. ஆறு பாகத்துக்கும் நீங்கதான். இனிமே உங்க இசைமேல அறிவிப்பாளர் பேசக் கூடாதுன்னு மேலிடத்துலயே சொல்லிட்டேன்."

"என்ன இசைமேல?"

"உங்க மௌனத்துமேலதான்."

சர் ரோலோ மேடையேறினார். "நண்பர்களே, நாற்பது வருஷமா நான் இந்தக் கழகத்துல இருக்கேன். இத்தனை வருஷமா எங்களை வாட்டின ஒரே பிரச்சினை இசைதான். நிறைய இருக்கும், சத்தமா இருக்கும், வேற எங்கயோ கேட்ட மாதிரியே இருக்கும். தீர்ப்பு சொல்ற நாங்க உட்கார்ந்து கேக்க வேண்டியிருக்கும். இந்த வருஷம் அந்தக் கஷ்டம் எங்களுக்கு இல்ல. ஒரு சிறு பகுதியை இப்ப உங்களுக்குப் போட்டுக் காட்டறோம்."

விளக்குகள் மங்கின. திரையில் கப்பல் சாய்ந்தது. மனிதர்கள் வாயைத் திறந்தார்கள். சுவரில் ஆளுயர ஸ்பீக்கர்கள் நின்றன. நெல்லி நாற்காலி நுனிக்கு நகர்ந்து, காதுக்குப் பின்னால் கையைக் குவித்துக்கொண்டாள். ஒன்றும் கேட்கவில்லை. அவள் திரும்பி ஒரு ஸ்பீக்கரைப் பார்த்தாள்; மற்றதைப் பார்த்தாள். பிறகு, சுற்றிலும் கண்ணை மூடி லயித்திருந்த முகங்களை ஒவ்வொன்றாகப் பார்த்தாள். கடைசியில் மகளைப் பார்த்தாள். மகள் மேசைத் துணியைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

விளக்கு வந்தது. கைதட்டல் ஓயவே இல்லை. பெரில் எழுந்து போனாள். சர் ரோலோ கனமான வெண்கலச் சிலையை அவள் கையில் கொடுத்தார். கீழே அத்தனை முகமும் அவளை நோக்கியிருந்தது. இதுவரை அவளை இப்படி யாரும் பார்த்ததில்லை. பியர்ஸ் நெஞ்சில் கை வைத்திருந்தார். மேசையில் பாதி தின்ற மீனுக்கு மேலே அம்மாவின் முகம், கேள்வியோடு, காத்துக்கொண்டிருந்தது.

பெரில் ஒலிவாங்கியை நெருங்கினாள். மெட்டின் முதல் சுரம் தொண்டையில் இருந்தது. அவள் வாயைத் திறந்தாள்.

"இந்த மௌனத்தை எழுத எனக்கு ஒரு ஆயுசே பிடிச்சது" என்றாள்.

கைதட்டலில் அரங்கம் அதிர்ந்தது. அந்தச் சத்தம் இதமாக இருந்தது.

"எங்கப்பாவுக்காக எழுதினேன்" என்றாள். "இதுல ஒரு சுரம் கூட வேண்டாம்னு நான்தான் பிடிவாதமா நின்னேன்."

எல்லோரும் எழுந்து நின்று தட்டினார்கள். நெல்லியும் எழுந்தாள். பெரில் அவளைப் பார்த்துச் சிலையை உயர்த்திக் காட்டினாள். நெல்லி நாற்காலி முதுகிலிருந்த கோட்டை எடுத்துப் போட்டுக்கொண்டு, பொத்தான்களை மேலிருந்து கீழாக ஒவ்வொன்றாகப் போட்டாள். கைப்பையைத் தேடி எடுத்தாள். "உங்களுக்கு எவ்வளவு பெருமையா இருக்கும்!" என்று க்ரெசிடா இரண்டு கையையும் நீட்டினாள். நெல்லி அவளைச் சுற்றிக்கொண்டு, கைதட்டுகிறவர்களின் முதுகுகளுக்குப் பின்னாலேயே மேசைகளைக் கடந்தாள். வாசலில் நின்ற பணியாள் ஏதோ கேட்டான். அவள் கதவைத் தோளால் தள்ளிக்கொண்டு வெளியே போய்விட்டாள்.